நாறாத போத்தல்

பெரியகல்லாறு
20.10.2024

அன்புள்ள பிரஷாந்தி மச்சாளுக்கு,

நான், உன் அண்ணன், மகள் விதுர்ஷா மூவரும் சுகம். உனக்கும் அந்தக் குளிரில் ஒரு குறையும் வராமல் இருக்கப் பிள்ளையாரைக் கும்பிடுகிறேன்.

இந்தக் காலத்தில் கடிதம் எழுதுகிறாளே, இவளுக்குப் பைத்தியமா என்று நீ சிரிப்பாய். சிரி. போனில் கதைத்தால் உன் அண்ணன் லவுட்ஸ்பீக்கரைப் போட்டுவிட்டுப் பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டு உட்காருகிறார். வட்ஸப்பில் எழுதினால் எனக்கு முன் அவர் வாசிக்கிறார். பள்ளியில் ஒரே வாங்கில் இருந்து படித்த இரண்டு பேர் மனம் விட்டுக் கதைக்க இனித் தபால் கந்தோர்தான் கதி.

நீ கப்பலில் அனுப்பிய பெட்டி வந்து சேர்ந்தது. பெரிய அலுமினியப் பானை, ஆவி அழுத்தம் காட்டுகிற முள்ளு வைத்த மூடி, கண்ணாடிப் போத்தல்கள், ஒன்றும் உடையவில்லை. போத்தலில் இறைச்சி அடைத்து மாதக் கணக்கில் வைக்கலாம் என்று நீ வாய் தவறிச் சொன்ன நாளில் இருந்து உன் அண்ணனுக்கு நித்திரை இல்லை. வாவி இறால் மலிந்து கிடக்கிற நாளில் வாங்கி அடைத்து, விலை ஏறுகிற நாளில் விற்பாராம். யோசனை அவருடையது, தோல் உரிக்கிற கை என்னுடையது. இறால் என்றால் எனக்குச் சின்ன வயதில் இருந்தே அருவருப்பு என்று உனக்குத் தெரியும். அந்த முதுகுக் குடலை உருவும்போது விரல் நுனியில் ஒட்டுகிற கறுப்பை நினைத்தாலே சோறு இறங்காது. மாப்பிள்ளை இறால் வியாபாரி என்று சொல்லிக் கலியாணம் பேசினார்கள், மாப்பிள்ளை உடுக்கிற சாரமும் தலையணையும் இறால் மணக்கும் என்று ஒருத்தரும் சொல்லவில்லை. நீயும் சொல்லவில்லை, கள்ளி.

நாடெங்கும் காஸ் சிலிண்டர்கள் வெடித்த காலத்தில் இருந்து என் குசினியில் கறண்ட் அடுப்புத்தான். அதில் உன் பானையை வைக்கலாமா? உன் அண்ணனுக்கு வாசித்துக் காட்டக்கூடிய மாதிரி விளக்கமாக எழுது. நான் சொன்னால் அவர் காதில் ஏறாது.

உன் அன்பு மச்சாள்
அஜந்தா

*

ரொறன்ரோ
15.12.2024

என் மச்சாள் அஜந்தாவுக்கு,

நான் நல்ல சுகம். உன் கடிதம் வந்த கையோடு இங்கே தபால்காரர்கள் வேலைநிறுத்தம் தொடங்கிவிட்டது. அதனால் என்னோடு வேலை செய்கிற காத்தான்குடி றஸீனா ஊருக்கு வருகிறாள், அவள் கையில் இதைக் கொடுத்துவிடுகிறேன்.

முதலில் உன் சுகத்தைச் சொல்லு. கர்ப்பப்பை எடுத்து ஒன்றரை வருடம் ஆகிறது, இடுப்பு நோவு குறைந்ததா? அந்தப் பானையைத் தண்ணீரோடு நீ தூக்காதே, அண்ணன் தூக்கட்டும். ஊருக்கு அது அப்பெண்டிக்ஸ் ஒப்பரேசனாகவே இருக்கட்டும். உனக்கும் அண்ணனுக்கும் எனக்கும் தெரிந்தால் போதும். அப்பாவின் அக்கா சீதேவிப்பிள்ளை மாமிக்குத் தெரிந்தால் களுவாஞ்சிகுடி வரைக்கும் தெரியும்.

இனி வருவது அண்ணனுக்கு. வாசித்துக் காட்டு.

கறண்ட் அடுப்பு ஆடாமல் பாரம் தாங்க வேண்டும், பானையின் அடி தட்டில் ஒட்டி இருக்க வேண்டும். கறண்ட் அடுப்பு காஸ் மாதிரி இல்லை. குறைத்த உடனே குறையாது, கூட்டிய உடனே கூடாது. முள்ளு ஏறி வரும்போதே கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து, பக்கத்திலேயே நிற்க வேண்டும். முதலில் ஆவியை நன்றாக வெளியே விட்டு, பிறகுதான் நிறைக் குண்டை ஆவித் துளைக்கு மேலே வைக்க வேண்டும். முள்ளு சொன்ன இடத்துக்கு வந்த பிறகுதான் நேரம் கணக்கு. எவ்வளவு நேரம் என்பது பானையோடு வந்த புத்தகத்தில் இருக்கிறது, அதில் ஒரு நிமிடமும் குறைக்க வேண்டாம். முள்ளு இடையில் இறங்கினால், கறண்ட் போனால், திரும்ப ஏற்றி நேரத்தை முதலில் இருந்து எண்ண வேண்டும். விட்ட இடத்தில் இருந்து அல்ல, முதலில் இருந்து. முடிந்ததும் பானை தானாக ஆற வேண்டும். நிறையைத் தட்டி எடுக்கக் கூடாது.

தேங்காய்ப்பால் சேர்க்க வேண்டாம். கொறுக்காய்ப் புளி போட்டிருக்கிறோம், பழுதாகாது என்ற கதையும் வேண்டாம். ஒவ்வொரு மூடியிலும் அடைத்த திகதியை எழுதுங்கள்.

விதுர்ஷாவுக்கு என் முத்தம்.

பிரஷாந்தி

*

பெரியகல்லாறு
10.01.2025

அன்புள்ள மச்சாளுக்கு,

சுகம் என்று எழுதத்தான் விருப்பம். ஆனால் மூன்று நாளாக எனக்குச் சாப்பாடு இல்லை.

உன் கடிதத்தைச் சத்தமாக வாசித்தேன். எல்லாவற்றுக்கும் "ஓம், ஓம்" என்றார். தேங்காய்ப்பாலுக்கு வந்ததும், "பால் விடாத றால் ஆணத்த எந்த மடையன் வாங்குவான்?" என்று கேட்டுவிட்டு, கட்டிப் பாலை அவரே பிழிந்து ஊற்றினார். அடைத்த போத்தல்களை உங்கள் அப்பாவின் அலுமாரியில் வைத்துப் பூட்டினார். அப்பா செத்து வருடம் திரும்பவில்லை, அவருடைய வெள்ளை வேட்டிகளுக்குப் பக்கத்தில் இறால்.

ஐந்தாம் நாள் வீட்டுக்குள் ஒரு நாற்றம். எலி செத்துவிட்டது என்று விதுர்ஷா கட்டிலுக்குக் கீழே தேடினாள். நான் அலுமாரியைத் திறந்தேன். மூன்று போத்தலின் மூடி வயிறு ஊதினது போல வீங்கிக் கிடந்தது. ஒன்றைக் கையில் எடுத்தேன், அவ்வளவுதான். சீறிக்கொண்டு திறந்து என் முகம், சட்டை, கூரைத் தகரம் வரைக்கும் அடித்தது. உதட்டில் பட்டதை நான் எத்தனை தரம் துப்பினேன் என்று சொல்ல மாட்டேன். புளித்து, அழுகி, நுரைத்து, அதற்குள் இறால்கள் வெள்ளை வெள்ளையாக மிதந்தன. அப்பாவின் வேட்டிகளை மூன்று தரம் தோய்த்தும் மணம் போகவில்லை, எரித்துவிட்டேன்.

உன் அண்ணன் வந்து ஒரு போத்தலை எடுத்து விரலை விட்டு நக்கப் போனார். கையைத் தட்டிவிட்டேன். "கொஞ்சம் புளிச்சிருக்கு, அவ்வளவுதான்" என்கிறார். பிரஷாந்தி, நீங்கள் இருவரும் ஒரே வயிற்றில்தான் பிறந்தீர்களா?

அஜந்தா

*

ரொறன்ரோ
28.01.2025

அன்புள்ள மச்சாளுக்கு,

நான் சுகம். உன் கடிதத்தை பஸ்ஸில் வாசித்து, இறங்கி நின்று ஓங்காளித்துவிட்டு அடுத்த பஸ்ஸில் ஏறினேன். இதை உனக்கு ஆறுதலாகச் சொல்கிறேன்.

நீ உடனே துப்பியது நல்லது. ஆனால் ஒன்றைக் கேள். வீங்கின போத்தலும் நாறின போத்தலும் எறிய வேண்டியவைதான், ஆனாலும் அவை தாங்களாகவே சொல்லிவிடுகின்றன. மூக்கு உள்ளவன் தப்புவான். நான் பயப்படுவது நாறாத போத்தலுக்கு. சரியான சூடு, சரியான நேரம் போகாத போத்தலுக்குள் ஒரு நஞ்சு உண்டாகலாம். மணம் இல்லை, நிறம் மாறாது, மூடியும் வீங்காமல் இருக்கலாம். தின்றால் கண் மங்கும், நாக்குத் தடிக்கும், பிறகு மூச்சு. இது கதை இல்லை. எனக்கு இங்கே போத்தல் அடைக்கப் பழக்கியவர்கள் முதல் நாளே சொன்னது இதைத்தான்.

அண்ணனுக்கு இனியும் அடைக்கத்தான் வேண்டும் என்றால், சொன்னபடி செய்யட்டும். முடியாது என்றால் பானையைத் தண்ணீர் பிடிக்க வைத்துக்கொள்.

பிரஷாந்தி

*

பெரியகல்லாறு
14.02.2025

அன்புள்ள மச்சாளுக்கு,

நாங்கள் சுகம். நீயும் சுகமாக இருக்க வேண்டுகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை இரண்டாம் முறை அடைத்தோம். தேங்காய்ப்பால் இல்லை. உன் அண்ணனே பக்கத்தில் நின்றார். எல்லாம் சரியாக வந்தது. மூடிகள் இறுகிவிட்டன. விதுர்ஷா பச்சைப் பேனையால் திகதி எழுதினாள்.

றஸீனா நேற்று வந்து போனாள், நல்ல பிள்ளை. மாசி மாதத்தில் இப்படி மழையை நான் கண்டதில்லை. வவுணதீவுப் பக்கம் அறுவடை பிந்துமாம். வேறு விசேடம் இல்லை.

இரண்டு போத்தலை உனக்கென்று றஸீனாவிடம் உன் அண்ணன் கொடுத்தனுப்பினார்.

அஜந்தா

*

ரொறன்ரோ
23.03.2025

அன்புள்ள மச்சாளுக்கு,

நான் சுகம். ஆனால் உனக்கு என்ன வருத்தம்? போன கடிதத்தில் இறாலைப் பற்றி ஒரு வசைச்சொல் இல்லை, அருவருப்பு என்ற சொல்லே இல்லை. நீ மழையைப் பற்றி எழுதியிருக்கிறாய். முப்பது வருடமாக உன்னை எனக்குத் தெரியும், நீ மழையைப் பற்றிக் கவலைப்பட்டதே இல்லை.

றஸீனா போத்தல்களைத் தந்தாள். மூடியில் விதுர்ஷாவின் வடிவான எழுத்து, 09.02.2025. அன்றைக்கு இங்கே விடிகிற நேரம் அண்ணன் எனக்குப் போன் எடுத்து, "பதினொரு மணியில இருந்து நாடு முழுக்கக் கறண்ட் இல்ல பிரஷாந்தி, எங்கயோ கறண்ட் ஸ்டேசன்ல குரங்கு ஒண்டு பாய்ஞ்சதாம்" என்று விழுந்து விழுந்து சிரித்தார். பின்னேரமாகியும் வரவில்லை என்றார்.

அப்படியென்றால் கறண்ட் அடுப்பில் இந்தப் போத்தல்கள் எப்படி அவிந்தன? கறண்ட் வந்த பிறகு முதலில் இருந்து செய்தீர்களா? எனக்கு ஒரு வரி எழுது. அதுவரைக்கும் ஒருவரும் தொட வேண்டாம்.

பிரஷாந்தி

*

பெரியகல்லாறு
14.04.2025

அன்புள்ள மச்சாளுக்கு,

புத்தாண்டு வாழ்த்துகள். கைவிசேடக் காசு உனக்கும் எடுத்து வைத்திருக்கிறேன், வரும்போது தருவேன்.

அப்பாவின் முதலாவது ஆட்டைத்திவசம் வைகாசியில் வருகிறது. மரக்கறியோடு திவசம் முடிய, மறுநாள் அவருக்குப் பிடித்த மீனும் இறாலும் படைக்கிற நம் வீட்டு வழக்கம் உனக்குத் தெரியும்தானே. அன்றைக்குப் போத்தல் இறாலைத்தான் படைக்கப் போகிறார் உன் அண்ணன். மட்டக்களப்பு டவுனில் பெரிய கடை வைத்திருக்கிற கேதீஸ்வரி அக்காவையும் அழைத்திருக்கிறார். அவ தின்று பார்த்து நல்லது என்றால் மாதாமாதம் எடுப்பாவாம்.

பழைய கறியைச் சூடாக்கிப் படைக்கக் கூடாது என்று சீதேவிப்பிள்ளை மாமி சண்டைக்கு வந்தா. உன் அண்ணன் விடுவாரா? "மாமி, இது பழசு இல்ல. போத்தலுக்குள்ள இரிக்கிற மட்டும் தோலுக்குள்ள இரிக்கிற பழம் மாதிரி. திறந்து அப்படியே படைப்பம், அடுப்பில ஏத்த மாட்டம்" என்றார். மாமிக்கு அது நியாயமாகப் பட்டுவிட்டது. சூடு காட்டக் கூடாது, படைக்க முன் ஒருத்தரும் வாயில் வைத்துப் பார்க்கக் கூடாது, மணந்தும் பார்க்கக் கூடாது என்று உத்தரவு போட்டுவிட்டுப் போனா. அலுமாரியைப் பூட்டித் திறப்பை உன் அண்ணன் இடுப்பில் செருகி வைத்திருக்கிறார்.

நீ கேட்டதற்குப் பிறகு எழுதுகிறேன்.

அஜந்தா

*

ரொறன்ரோ
28.04.2025

அஜந்தா,

நான் சுகம், அதை விடு. நீ எழுதாமல் விட்டதே எனக்குப் பதில்தான். இரண்டு போத்தலையும் திறக்காமல் பையில் கட்டி எறிந்துவிட்டேன்.

அண்ணனிடம் போனில் கேட்டேன். ஜெனரேட்டர் பிடித்து வந்து செய்தாராம். எந்த வீட்டு ஜெனரேட்டர் என்று கேட்டேன், லைன் வெட்டுகிறது என்றார். எனக்கு அவர் குரல் நன்றாகக் கேட்டது.

எல்லாப் போத்தலும் நஞ்சு என்று நான் சொல்லவில்லை. எது என்று ஒருவருக்கும் தெரியாது, அதுதான் பயங்கரம். காகம் தின்று ஒன்றும் ஆகவில்லை என்றால் அது சாட்சி இல்லை. சூடாக்கித் தின்னலாமே என்றும் யாராவது சொல்வார்கள். சந்தேகப்பட்ட போத்தலை நாக்கில் வைத்தும் பார்க்கக் கூடாது, எறியத்தான் வேண்டும். விதுர்ஷா இறால் என்றால் முதல் ஆளாக இலையில் உட்காருகிற பிள்ளை.

அவர் என் அண்ணன் என்று நீ மறைக்கிறாய். மறைக்காதே. எதையாவது செய்.

பிரஷாந்தி

*

பெரியகல்லாறு
21.05.2025

அன்புள்ள மச்சாளுக்கு,

நாங்கள் எல்லோரும் சுகம். இந்த வரியை இன்றைக்கு நான் சும்மா எழுதவில்லை.

உன் கடிதம் படையலுக்கு முதல் நாள் வந்தது. அந்த ஞாயிறு நடந்ததை முதலில் சொல்கிறேன். முள்ளு சரியான இடத்துக்கு வந்து கொஞ்ச நேரத்தில் கறண்ட் போனது. நீ எழுதியதை எடுத்து வாசித்தேன். அவர் கொஞ்சம் பொறுத்துப் பார்த்தார். பிறகு, "இன்னும் ரெண்டு பெட்டி றால் ஐஸில கிடக்கு. இதோட மாரடிக்க ஏலா. வெந்துதானே போச்சு" என்று நிறையைத் தட்டி எடுத்துவிட்டார். போத்தல்களை வெளியே எடுத்து வைத்ததும் மூடிகள் ஒவ்வொன்றாக உள்ளே இழுபட்டன. "பாத்தியா, எல்லாம் இறுகிற்று. உன்ட மச்சாளுக்கு எழுதித் துலைக்காத" என்றார். எங்கள் வீட்டில் ஜெனரேட்டர் இல்லை, சத்தம் போடுகிற சாமான் என்று இருப்பது அவருடைய வாய்தான். உன் அண்ணனைப் பற்றி உனக்கே எப்படி எழுதுவது என்று கூச்சப்பட்டு மழையைப் பற்றி எழுதினேன்.

படையலுக்கு முதல் நாள் பின்னேரம் உன் கடிதத்தை அவர் முன் வைத்தேன்.

"கனடாவில இரிந்து பயங்காட்டுறா. ஒரு போத்தலெண்டாலும் நாறிச்சா?" என்றார்.

"நாறாததுக்குத்தான் பயம் எண்டு எழுதியிரிக்கா."

"நாறினாலும் பிழை, நாறாட்டியும் பிழை. அப்ப மனிசன் என்னத்தத்தான் விக்கிற?"

"சரி, இப்ப ஒண்டத் திறந்து நீங்க தின்னுங்க. நான் வாயே திறக்க மாட்டன்."

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். "படைக்க முன்னம் தின்னக் கூடாதெண்டு மாமி சொல்லியிரிக்கா" என்றார். வீங்கின போத்தலுக்குள் விரலை விட்டு நக்கப் போன மனிதருக்கு அன்றைக்குத்தான் ஆசாரம் வந்தது. அப்போதுதான் எனக்கு விளங்கியது, பிரஷாந்தி. அவருக்கும் பயம். பயத்தோடுதான் பெற்ற பிள்ளையின் இலையில் வைக்க நிற்கிறார். அந்த இடத்தில் அவர் மீது எனக்கு வந்த அருவருப்பை இறாலில் கூட நான் கண்டதில்லை.

மாமியிடம் ஓடினேன். நஞ்சு என்றேன். "என்னகா, கொழுத்த றாலக் கண்டா உனக்கு எப்பவும் குமட்டல்தானே" என்று சிரித்தா. கேதீஸ்வரி அக்காவுக்குப் போன் எடுக்க என்னிடம் நம்பர் இல்லை. விதுர்ஷாவிடம் தொடாதே என்று சொன்னேன். அவள் தொடாமல் விடலாம், மற்ற முப்பது பேர்?

படையல் அன்று வாழையிலை போட்டு, அப்பாவின் படத்துக்கு மாலை போட்டு, சோறு, மீன், முட்டை எல்லாம் வைத்தாயிற்று. போத்தல்களைத் திறந்து பெரிய தட்டில் கொட்டினேன். கொட்டுகிற வேலையும் எனக்குத்தான். சிவந்த இறால், கறிவேப்பிலை, மிளகு. நல்ல மணம். சத்தியமாகச் சொல்கிறேன், என் சீவியத்தில் முதல் முறையாக இறால் எனக்கு நன்றாக மணந்தது. அந்த மணத்துக்குத்தான் நீ பயந்தாய். கேதீஸ்வரி அக்கா, "ஆ, என்ன வாசம்!" என்றா. மாமி கற்பூரம் கொளுத்தினா. எல்லோரும் கும்பிட்டுவிட்டு இலைக்கு நகர்ந்தார்கள். விதுர்ஷா தன் சிநேகிதி இரண்டு பேரைப் பக்கத்தில் இருத்தினாள்.

நான் நடுவில் போய் நின்றேன்.

"மாமி, எனக்கு மன்னிப்புத் தாங்க. நான் மாதத் துடக்கு. காலையில இருந்து. சொல்ல வெக்கப்பட்டுட்டன். எல்லாத்தையும் நான்தான் தொட்டன்."

மாமி போட்ட கூக்குரல் வாவிக்கு அந்தப் பக்கம் கேட்டிருக்கும். "அடி பாதகத்தி! இந்தக் கையாலயா என்ட தம்பிக்குப் படைச்சாய்?" நின்ற பெண்கள் முந்தானையை இழுத்துக்கொண்டு விலகினார்கள். இலைக்குப் போனவர்கள் துள்ளி எழும்பினார்கள். கேதீஸ்வரி அக்கா மூக்கைப் பொத்திக்கொண்டா. பொத்துவதற்கு அங்கே ஒரு மணமும் இல்லை, நல்ல மணத்தைத் தவிர.

நான் உன் அண்ணனைப் பார்த்தேன். அவரும் என்னைப் பார்த்தார். பிறகு தலையைக் குனிந்துகொண்டு வாசலுக்குப் போய்விட்டார்.

எல்லாவற்றையும் எறியச் சொன்னா மாமி. நானே குழி வெட்டி, தட்டில் இருந்ததையும் திறக்காத போத்தல்களையும் போட்டு, பிளீச்சிங் பவுடர் கொட்டி மூடினேன். ஒரு பெண்ணும் உதவிக்கு வரவில்லை. மஞ்சள் தண்ணீர் தெளித்து வீட்டைக் கழுவினார்கள், என்னைக் கிணற்றடியில் நிறுத்தி வைத்து. நஞ்சு என்று பத்துத் தரம் சொன்னேன், கேட்க ஒரு காது இல்லை. துடக்கு என்று ஒரு தரம் சொன்னேன், வீடே காலியானது. தப்பினோம் என்று சந்தோசப்படத்தான் வேண்டும், ஆனால் எனக்கு எல்லோரிலும் அருவருப்பாக இருக்கிறது. அந்தச் சொல்லை எடுத்த என் வாயிலும்தான்.

இப்போது ஊரில் என் கையால் தண்ணீர் வாங்கிக் குடிக்க யோசிக்கிறார்கள். பரவாயில்லை, குடிக்க ஆட்கள் இருக்கிறார்கள்.

உன்
அஜந்தா

*

பெரியகல்லாறு
26.05.2025

அன்புத் தங்கை பிரஷாந்திக்கு,

நான் நலம். உன் நலமறிய ஆவல்.

போனில் சொல்லக் கூச்சமான விடயம் என்பதால் கடிதம் எழுதுகிறேன். அப்பாவின் படையல் நடக்கவில்லை. உன் மச்சாள் மாதத் துடக்கோடு நின்றுகொண்டு எல்லாவற்றையும் தொட்டுப் பழுதாக்கி, முப்பது பேர் முன்னால் அதை வாயாலும் சொல்லிவிட்டாள். மாமி இன்னும் வீட்டு வாசல் மிதிக்கவில்லை. கேதீஸ்வரி அக்கா இனி இந்தப் பக்கம் வரமாட்டா. கையில் வந்த வியாபாரம் போயிற்று. பெண் என்றால் ஒரு அடக்கம், ஒரு சுத்தம் வேண்டாமா? நீ படித்தவள், அவளுக்கு நாலு புத்தி சொல்லி எழுது. நீ சொன்னால் கேட்பாள்.

அடுத்த பருவத்துக்குத் திரும்ப அடைக்கலாம் என்று யோசிக்கிறேன். பழைய மூடிகள் எல்லாம் பழுதாகிவிட்டன. புது மூடி கொஞ்சம் அனுப்பிவிடு.

அன்பு அண்ணன்
விஜிதரன்

*

ரொறன்ரோ
15.06.2025

அண்ணா,

நான் சுகம்.

மச்சாளுக்கு ஒப்பரேசன் நடந்த அன்று ஆஸ்பத்திரி வாசலில் நின்று எனக்குப் போன் எடுத்தீர்கள். "கர்ப்பப்பையை எடுத்துட்டாங்க பிரஷாந்தி, இனி மாதாமாதம் அவளுக்கு அந்த வேதனை இல்ல" என்று அழுதீர்கள். ஊருக்கு வேறு மாதிரிச் சொல்லுவோம் என்றதும் நீங்கள்தான். அந்த அழுகையைக் கேட்ட நாளில் இருந்து, என் அண்ணன் எவ்வளவு நல்லவர் என்று இங்கே பார்க்கிறவர்களுக்கெல்லாம் சொல்லியிருக்கிறேன்.

அந்த முப்பது பேரில் அவள் சொன்னது பொய் என்று அறிந்த ஆள் நீங்கள் ஒருவர்தான். வாயைத் திறந்து ஒரு சொல் சொல்லியிருந்தால் அப்பாவின் படையல் தப்பியிருக்கும், வியாபாரமும் தப்பியிருக்கும், மாமியும் திட்டியிருக்க மாட்டா. நீங்கள் சொல்லவில்லை. தலையைக் குனிந்துகொண்டு வெளியே போனீர்கள். அந்தத் தட்டில் என்ன இருந்தது என்று உங்களுக்கும் தெரிந்திருக்கிறது. தெரிந்துகொண்டே அவளை நாற விட்டீர்கள், ஒப்பரேசனை எனக்குச் சொன்னதையும் மறந்து இப்போது எனக்கும் அதையே எழுதுகிறீர்கள். உங்கள் கடிதத்தை நான் மேசையில் கூட வைக்கவில்லை, எனக்கு அவ்வளவு அருவருப்பாக இருந்தது.

மூடி அனுப்ப மாட்டேன்.

உங்கள் கடிதத்தில் விதுர்ஷா சுகமா என்று ஒரு வரி இல்லை. அவள் சுகம் என்று எனக்குத் தெரியும். யாரால் என்றும் தெரியும்.

பிரஷாந்தி